நூறு வருடத்துக் கார்ட்டூனைச் சிரிப்பு கெடாமல் திரையிடுவது எப்படி?

எங்கள் பகுதி நூலகத்தின் மாடி அறையில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, பேசாப் படக் காலத்துக் கார்ட்டூன்களைப் போட்டேன். முப்பத்தைந்து நாற்பது குழந்தைகள், பத்துப் பதினைந்து பெரியவர்கள். பூனை விழுந்தது, கோமாளி உதை வாங்கினான், சுவர் இடிந்தது. ஒருவரும் சிரிக்கவில்லை. முன்வரிசைப் பையன் ஒருவன் திரும்பி, "அங்கிள், ஃபாஸ்ட் ஃபார்வர்டுல போட்டுட்டீங்களா?" என்று கேட்டான். பழசு, அதனால்தான் எடுபடவில்லை என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

நான் நினைத்தது தவறு. நான்கு மாதம் கழித்து அதே அறையில், ஏறக்குறைய அதே படங்களைப் போட்டபோது சிரிப்பு கீழ்த்தளம் வரை கேட்டதாக நூலகர் சொன்னார். இடையில் மாறியது பிரதி, வேகம், இசை, விளக்கம் சொல்லும் நேரம். அவ்வளவுதான். அந்த நான்கு மாதத்தில் நான் பட்டதை நீங்கள் படவேண்டாம் என்றுதான் இதை எழுதுகிறேன். பள்ளி, நூலகம், குடியிருப்புச் சங்கம், திரைப்படக் கழகம் எங்கே போடுவதாக இருந்தாலும் வேலை ஒன்றுதான். முதல் தடவை என்றால் நான்கு வாரம் ஒதுக்குங்கள்.

1. முதலில் பட்டியல், நாற்பது நிமிடத்துக்கு மேல் வேண்டாம்

இந்தப் படங்களில் பல முக்கியப் படத்துக்கு முன்னால் போடச் செய்யப்பட்டவை. பெரும்பாலும் ஐந்திலிருந்து பத்து நிமிடம். பத்துப் படத்தை வரிசையாகப் போட்டால் ஆறாவதிலேயே கொட்டாவி வரும். ஐந்தாறு படம், மொத்தம் நாற்பது நிமிடம் போதும். எங்களுக்குக் கைகொடுத்த வரிசை இது.

ஃபான்டாஸ்மகோரி (1908, பிரான்ஸ், எமில் கோல்). ஒன்றரை நிமிடம்தான். கரும்பலகையில் சாக்பீஸ் கோடு போலத் தெரியும் ஒரு குட்டி மனிதன் மாடியிலிருந்து விழுந்து துண்டாகிறான். ஓவியரின் நிஜக் கை வந்து ஒட்டவைக்கிறது. கூட்டம் அடங்கி உட்காரவே இந்த நேரம் சரியாக இருக்கும்.

கொசு எப்படி வேலை செய்கிறது (1912, அமெரிக்கா, வின்சர் மக்கே). தொப்பி போட்ட கொசு, கைப்பெட்டியோடு வந்து, தன் கொடுக்கைச் சாணை பிடித்து, தூங்குகிறவனின் ரத்தத்தைக் குடித்துக் குடித்துக் கடைசியில் வெடிக்கிறது. நம் ஊரில் இதற்கு விளக்கமே தேவையில்லை. கொசு முதல் தடவை உட்காரும்போதே பின்வரிசையில் யாரோ கையைத் தட்டினார்கள்.

ஃபெலிக்ஸ் பூனை ஹாலிவுட்டில் (1923). பாட் சல்லிவனின் நியூயார்க் ஸ்டூடியோ, வரைந்து இயக்கியவர் ஆட்டோ மெஸ்மர்.

ட்ராலி ட்ரபிள்ஸ் (1927). டிஸ்னியின் ஓஸ்வால்டு முயல் டிராம் ஓட்டும் படம். மிக்கி வருவதற்கு முந்தைய வருடம்.

கோ-கோவின் பூமிக் கட்டுப்பாடு (1928). மாக்ஸ், டேவ் ஃப்ளைஷர் சகோதரர்களின் படம்; கோ-கோ மைக்கூட்டிலிருந்து வெளியே வரும் கோமாளி. பூமியை இயக்கும் அறைக்குள் கோமாளியும் அவன் நாயும் நுழைகிறார்கள். இழுத்தால் உலகம் அழியும் என்று எழுதிய பிடி ஒன்று இருக்கிறது. நாய் வேறு எதைச் செய்யும்?

கடைசியில் இதைத்தான் போடவேண்டும். உலகம் அழிந்த பிறகு எந்தப் படத்தைப் போட்டாலும் சப்பென்று இருக்கிறது. நான் போட்டுப் பார்த்துவிட்டேன்.

2. உரிமை: கோப்பு ஒன்று திறங்கள்

"நூறு வருடத்துப் படம், யார் கேட்கப் போகிறார்கள்" என்று இருக்காதீர்கள். கேட்பார்கள். இடம் கொடுக்கும் நிர்வாகம்தான் முதலில் கேட்கும். என்னிடம் கேட்டபோது கையில் ஒரு காகிதமும் இல்லை. ஒரு வாரம் தள்ளிப்போனது.

கணக்கு எளிது. அமெரிக்காவில் அந்தக் காலப் படத்துக்குப் பதிப்புரிமை வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டு, அந்த ஆண்டின் கடைசி நாள் வரை. ஆகவே வெளியான ஆண்டோடு 96-ஐக் கூட்டுங்கள். அந்த ஆண்டு ஜனவரி 1 முதல் படம் பொதுவுடைமை, அதாவது யாரிடமும் அனுமதி கேட்காமல் யாரும் பயன்படுத்தலாம். 1927-இல் வந்தது 2023-இல் விடுதலை. 1928-இல் வந்தது 2024-இல். இந்தியச் சட்டப்படி (1957) திரைப்படத்துக்கு வெளியான அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுதான். அது எப்போதோ முடிந்துவிட்டது.

கோப்பில் ஒவ்வொரு படத்துக்கும் ஒரு பக்கம் போதும்: படத்தின் மூலப் பெயர், வெளியான ஆண்டு, அந்த ஆண்டுக்கு ஆதாரம், கோப்பை இறக்கிய இடம், இறக்கிய தேதி, அந்தப் பக்கத்தில் உரிமை பற்றி எழுதியிருப்பதன் அச்சுப்படி. ஆண்டுக்கு ஆதாரமாக அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 1912 முதல் 1939 வரை பதிவான படங்களுக்குப் போட்ட பெரிய பட்டியல் நூல் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. அகரவரிசையில் பெயர், பதிவுத் தேதி, பதிவு எண் இருக்கும். அந்தப் பக்கத்தை மட்டும் அச்செடுத்துக்கொள்ளுங்கள்.

இதில் மூன்று குழிகள் இருக்கின்றன.

ஒன்று, படம் பொதுவுடைமை என்றால் அதன்மேல் ஒட்டியிருக்கும் இசையும் பொதுவுடைமை என்று அர்த்தமில்லை. புதிதாகச் சீரமைத்து வெளியிட்ட டிஸ்கில் உள்ள பியானோ இசை போன வருடம் வாசித்ததாக இருக்கலாம். ஒலியை அணைத்துவிட்டு நீங்களே இசை ஏற்பாடு செய்வதுதான் நிம்மதி. இதைப் பிறகு சொல்கிறேன்.

இரண்டு, வர்த்தகச் சின்னம். ஃபெலிக்ஸ் பூனையின் பழைய படத்தைத் திரையிடலாம். ஃபெலிக்ஸ் முகத்தைப் பனியனில் அச்சடித்து விற்பது வேறு கதை. 2014 முதல் அந்தப் பூனை ட்ரீம்வொர்க்ஸ் என்ற அனிமேஷன் நிறுவனத்தின் கையில். ஓஸ்வால்டு 2006-இல் டிஸ்னிக்குத் திரும்பிவிட்டது. அதைத் திரும்ப வாங்க டிஸ்னி கொடுத்த விலையில் ஒரு பகுதி, விளையாட்டு வர்ணனையாளர் ஒருவரை வேறு நிறுவனத்துக்கு விட்டுக்கொடுத்தது. நம்பச் சிரமம்தான், ஆனால் நடந்தது. நமக்கு வேண்டியது: சுவரொட்டியில் படத்தின் பெயரையும் ஆண்டையும் போடுங்கள், பூனைப் பொம்மை செய்து விற்காதீர்கள்.

மூன்று, தணிக்கை. டிக்கெட் போட்டோ, யார் வேண்டுமானாலும் வரலாம் என்றோ பொதுவில் காட்டினால் 1952-ஆம் ஆண்டுத் திரைப்படச் சட்டத்தின்படி சான்றிதழ் கேள்வி வரும். விழாவாகப் பெரிதாக நடத்துவதென்றால் விலக்குக் கேட்டு ஒன்றிய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்துக்கு முன்கூட்டியே எழுதவேண்டும். நாங்கள் டிக்கெட் இல்லாமல், நூலக உறுப்பினர் குடும்பங்களை மட்டும் பெயர் எழுதி அழைத்தோம். அழைப்புப் பட்டியலும் கோப்பில் இருக்கட்டும்.

3. பிரதி தேடுவது: கிடைத்த முதல் கோப்பை இறக்காதீர்கள்

முதல் திரையிடலில் நான் செய்த பெரிய தப்பு இதுதான். தேடினேன், முதலில் வந்ததை இறக்கினேன், பென் டிரைவில் போட்டேன்.

இந்தப் படங்களில் பலவற்றின் மூல 35 மில்லிமீட்டர் நெகடிவ் இன்று இல்லை. தப்பித்தவை பல, வீட்டில் போட்டுப் பார்ப்பதற்காக 1920-களில் விற்ற 16 மில்லிமீட்டர் சுருள்களிலிருந்து வந்தவை. இன்னும் சில, பேசும் படம் வந்த பிறகு ஒலி சேர்த்து மறுபடி வெளியிட்ட பிரதிகளிலிருந்து வந்தவை. இந்தக் கடைசி வகைதான் வம்பு. ஒலிக்கு இடம் விடுவதற்காக ஃபிரேமின் (சுருளில் உள்ள ஒவ்வொரு தனிப் படத்தின்) இடது ஓரம் வெட்டப்பட்டிருக்கும்.

ஓரம் போனால் என்ன என்று நானும் கேட்டேன். அடிவாங்கும் காமெடியில் அடி பெரும்பாலும் ஓரத்திலிருந்துதான் வருகிறது. உலக்கையோ செங்கல்லோ திரைக்குள் நுழைவதை நாம் அரை நொடி முன்னால் பார்க்கவேண்டும், அடி வாங்கப்போகிறவன் பார்க்கக் கூடாது. அந்த அரை நொடிதான் சிரிப்பு. ஓரம் வெட்டிய பிரதியில் செங்கல் திடீரென்று முளைக்கும். நமக்கும் அவனுக்கும் ஒரே நேரத்தில் தெரிந்தால் யார் சிரிப்பது?

எங்கே தேடுவது? அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் இணையதளத்தில் 1900 முதல் 1921 வரையிலான அமெரிக்க அனிமேஷன் படங்களின் தனித் தொகுப்பு இருக்கிறது, இலவசம். இன்டர்நெட் ஆர்க்கைவில் ஏராளம் கிடைக்கும், ஆனால் ஒரே படம் ஐந்து தரத்தில் இருக்கும். ஐந்தையும் இறக்கி ஒப்பிடவேண்டும். ஜப்பானியத் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகமும் பழைய கார்ட்டூன்களுக்கென்று தளம் வைத்திருக்கிறது. மொக்கை வாளை வாங்கிவிட்டு அதைச் சோதிக்கப் போய், போகிற வருகிறவரிடமெல்லாம் உதை வாங்கும் சாமுராய் ஒருவன் அங்கே இருக்கிறான். 1917-இல் வந்த அந்தப் படம் தொலைந்துவிட்டது என்றே பல காலம் நினைத்திருந்தார்கள். ஒசாகாவில் பழைய பொருள் விற்கும் இடத்தில் ஒரு பிரதி அகப்பட்டது. உங்களுக்கு நேரம் இருந்தால் கொசுவுக்கு அடுத்து அதைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வெளிநாட்டு டிஸ்க் வாங்குவதாக இருந்தால், அது எந்தப் பகுதியின் பிளேயரில் ஓடும் என்று காட்டும் மண்டலக் குறியைப் பாருங்கள். டிவிடியில் இந்தியா 5-ஆம் மண்டலம், அமெரிக்கா 1. புளூரேயில் நாம் சி, அமெரிக்கா ஏ. அட்டையில் எல்லா மண்டலத்துக்கும் என்று போட்டிருந்தால் மட்டும் வாங்குங்கள். நான் பார்க்காமல் வாங்கிய ஒரு டிஸ்க் இன்றுவரை அலமாரியில் அழகாக நிற்கிறது.

ஒன்றைக் கண்டால் ஓடிவிடுங்கள்: வண்ணம் பூசி, நொடிக்கு 60 ஃபிரேம் ஆக்கி, 4கே என்று தலைப்பிட்டவை. இரண்டு ஓவியத்துக்கு நடுவே இல்லாத ஓவியத்தைக் கணினி தானே வரைந்து நிரப்பியிருக்கும். பூனை எண்ணெயில் வழுக்குவது போல் நகரும்.

4. கோப்பை ஃபிரேம் ஃபிரேமாகப் பாருங்கள்

இறக்கிய கோப்பை வி.எல்.சி. பிளேயரில் திறந்து, நிறுத்தி, விசைப்பலகையில் ஆங்கில ஈ எழுத்தைத் தட்டுங்கள். ஒவ்வொரு தட்டுக்கும் ஒரு ஃபிரேம் நகரும். ஒரு முப்பது தட்டு தட்டுங்கள்.

நல்ல கோப்பில் ஒவ்வொரு ஃபிரேமும் துல்லியமான ஒரே ஓவியமாக இருக்கும். அந்தக் காலத்தில் ஒரு ஓவியத்தைப் பெரும்பாலும் இரண்டு ஃபிரேம் எடுப்பார்கள். ஆகவே இரண்டு தட்டுக்கு ஒரு முறை ஓவியம் மாறும். மாற்றம் இந்த ஒழுங்கில் வந்தால் கோப்பு ஆரோக்கியம். இரண்டு ஒன்று, இரண்டு மூன்று என்று தாறுமாறாக வந்தால் யாரோ வேகத்தை மாற்றுவதற்காக ஃபிரேமை இரட்டித்திருக்கிறார்கள். ஒரே ஃபிரேமில் பூனைக்கு இரண்டு வால் ஆவி போலத் தெரிந்தால் ஃபிரேம்களைக் கலந்துவிட்டார்கள். அந்தக் கோப்பு வேண்டாம், சரிசெய்யவும் முடியாது.

ஒரு படத்துக்கு இந்தச் சோதனை ஐந்து நிமிடம்தான். இதைச் செய்யாமல் விட்டதால் எனக்கு ஒரு முழு மாலை போனது.

5. வேகம்: இங்கேதான் எல்லாமே

மற்ற எதைத் தவிர்த்தாலும் இதைத் தவிர்க்காதீர்கள்.

பேசாப் படத்துக்கு நிலையான வேகம் கிடையாது. 1910-களில் நொடிக்கு 16 ஃபிரேமை ஒட்டி ஓட்டினார்கள்; 1920-களின் கடைசியில் அது 24-ஐ நெருங்கியது. இன்றைய கோப்புகளில் முக்கால்வாசி 24-இலோ 25-இலோ ஓடும்படி வைத்திருக்கிறார்கள். 16-இல் ஓடவேண்டியது 24-இல் ஓடினால் ஒன்றரை மடங்கு வேகம். பையன் கேட்டது சரிதான், நான் ஃபாஸ்ட் ஃபார்வர்டுதான் போட்டிருந்தேன்.

கணக்கை ஒரு தடவை போட்டுப் பார்த்தால் மனதில் நிற்கும். 35 மில்லிமீட்டர் சுருளில் ஒரு அடிக்கு 16 ஃபிரேம். 600 அடிக் கார்ட்டூனில் 9,600 ஃபிரேம். நொடிக்கு 16 என்றால் பத்து நிமிடம். 20 என்றால் எட்டு நிமிடம். 24 என்றால் ஆறு நிமிடம் 40 நொடி. ஃபான்டாஸ்மகோரிக்குச் சுமார் 700 ஓவியம், ஒவ்வொன்றும் இரண்டு ஃபிரேம், ஆக 1,400. 16-இல் ஓட்டினால் 87 நொடி. 24-இல் 58 நொடி. உங்கள் கையில் உள்ள கோப்பு ஒரு நிமிடத்துக்குள் முடிந்தால், ஒன்று வேகம் தப்பு அல்லது படம் குறை.

இப்போது சரியான வேகத்தை எப்படிக் கண்டுபிடிப்பது? தொடக்கமாக 1915-க்கு முன் வந்தவற்றுக்கு 16, 1920-களின் முதல் பாதிக்கு 20, 1927, 28-க்கு 22 முதல் 24 வரை வைத்துப் பாருங்கள். அப்புறம் கண்ணால் திருத்துங்கள். இதற்கு ஃப்ளைஷர் படங்கள் நல்ல அளவுகோல். அவற்றில் நிஜ மனிதராக மாக்ஸ் ஃப்ளைஷரே மேஜையில் உட்கார்ந்து வரைவார். அவர் நாற்காலியிலிருந்து எழுந்து சாதாரணமாக நடப்பதைப் பாருங்கள். அவர் நடை இயல்பாக இருந்தால் கோமாளியின் நடையும் இயல்பாக இருக்கும். ஏனென்றால் அந்தக் கோமாளியே தம்பி டேவ் கோமாளி உடை போட்டு நடந்ததைப் படம்பிடித்து, அதன்மேல் கோடு இழுத்து உருவானவன். உள்ளே ஒரு மனிதனின் எடை இருக்கிறது. வேகம் கூடினால் அந்த எடை காணாமல் போய்விடும். எடை இல்லாதவன் விழுந்தால் வலிக்காது, வலிக்காதவனைப் பார்த்து யாரும் சிரிப்பதில்லை. ஒரு எச்சரிக்கை: சில இடங்களில் வேண்டுமென்றே மனிதரை வேகமாக ஓடவிட்டிருப்பார்கள். துரத்தும் காட்சியை வைத்து அளக்காதீர்கள்.

ஃபெலிக்ஸுக்கு வேறு சோதனை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, தலையைக் குனிந்து, முன்னும் பின்னும் நடந்து யோசிப்பது அதன் அடையாளம். அது யோசிக்கிறது என்று நமக்குப் புரிய வேண்டும். ரயிலைப் பிடிக்க ஓடுவது போலத் தெரிந்தால் வேகத்தைக் குறையுங்கள். கவுண்டமணி திரும்பிப் பார்த்து ஒரு கணம் நிறுத்துவாரே, அந்த ஒரு கணத்தில்தானே செந்திலுக்கு விழப்போகும் உதை நமக்குத் தெரிகிறது? அந்த நிறுத்தம் இந்தப் பூனைக்கும் உண்டு.

வேகத்தை மாற்றுவது சுலபம். 24-இல் ஓடும் கோப்பை 20-இல் ஓட்ட 0.83, 16-இல் ஓட்ட 0.67. வி.எல்.சி.யிலேயே இந்த எண்ணை வைத்து வீட்டில் பார்த்துவிடலாம். முடிவு செய்த பிறகு டாவின்சி ரிசால்வ் போன்ற இலவச எடிட்டிங் மென்பொருளில் வேகத்தை மாற்றிப் புதுக் கோப்பாக எடுத்துவிடுங்கள். எடுக்கும்போது ஃபிரேம்களைக் கலக்கும் வசதியை அணைத்துவைக்க வேண்டும். இல்லையென்றால் அந்த ஆவி வால் திரும்பிவிடும். திரையிடும் நாளில் பிளேயரில் வேகத்தை மாற்றிக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள். அன்றைக்கு அதற்கெல்லாம் கை ஓடாது.

ஐந்து படத்துக்கும் சேர்த்து இந்த வேலை எனக்கு இரண்டு வார இறுதி எடுத்தது.

6. முழுசாகப் பார்க்காமல் எதையும் போடாதீர்கள்

கார்ட்டூன் என்றால் குழந்தைக்கு என்று நாம் எடுத்துக்கொள்கிறோம். இவை பெரியவர்களும் உட்கார்ந்திருந்த அரங்குக்குச் செய்தவை. கறுப்பின மக்களையும் சீனர்களையும் யூதர்களையும் இழிவாக வரைந்த காட்சிகள் அந்தக் காலக் கார்ட்டூன்களில் சர்வசாதாரணம். திடீரென்று நடுவில் பத்து நொடி வரும். அப்படிப்பட்ட படத்தைக் குழந்தைகள் நிகழ்ச்சியில் நான் சேர்ப்பதில்லை. பெரியவர்கள் மட்டும் என்றால் முன்னாலேயே சொல்லிவிட்டுப் போடலாம், பேசலாம்.

ஃபெலிக்ஸின் முதல் படம் என்ற ஆசையில் ஃபெலைன் ஃபாலீஸ் (1919) போட நினைப்பீர்கள். பூனைக்கு அதில் இன்னும் ஃபெலிக்ஸ் என்ற பெயரே வரவில்லை, மாஸ்டர் டாம்தான். டாம் காதலியைப் பார்க்கப் போன நேரத்தில் எலிகள் வீட்டைச் சூறையாடும் பகுதி அருமை. இசைக் குறிகளைப் பிடித்து வண்டியாக்கி ஓட்டும் இடம் இன்னும் அருமை. ஆனால் முடிவில் காதலியிடம் ஒரு பட்டாளம் குட்டிகளைப் பார்த்துவிட்டு டாம் நேரே எரிவாயு ஆலைக்குப் போய்க் குழாயை வாயில் வைத்துக்கொள்கிறது. எட்டு வயதுக் குழந்தைகள் முன்னால் அதை விளக்க நான் தயாராக இல்லை.

7. இசை

மௌனமாகப் போட்டால் நாற்காலி கிரீச்சிடுவதும் மின்விசிறியும்தான் கேட்கும். மக்கள் சிரிக்கக் கூச்சப்படுவார்கள். இசை இருந்தால்தான் சிரிப்பு வெளியே வரும்.

நேரடியாக ஒருவர் வாசிப்பதுதான் சிறப்பு. கல்யாணக் கச்சேரிகளில் கீபோர்டு வாசிக்கும் தம்பி ஒருவரைப் பிடித்தேன். இரண்டு ஒத்திகை, ஒரு நிகழ்ச்சி, 2,500 ரூபாய் என்று பேசினோம். அவரிடம் கோப்புகளை இரண்டு வாரம் முன்பே கொடுத்துவிடுங்கள், வேகம் சரிசெய்த கோப்புகளை. நான் முதலில் பழைய வேகத்தில் கொடுத்துவிட்டேன். அவர் அதற்குப் பழகிவிட்டார். மறுபடி ஒத்திகை, மறுபடி ஐந்நூறு.

அவருக்கு நான் சொன்னது ஒன்றே ஒன்று: ஒவ்வொரு அடிக்கும் டமால் போடவேண்டாம். அவர் எல்லா அடிக்கும் போட்டார். பத்தாவது டமாலில் எனக்கே எரிச்சல் வந்தது. துரத்தல் முழுக்க ஒரே தாளத்தில் ஓடவிட்டு, விழுகிற இடத்தில் சட்டென்று நிறுத்திப் பார்க்கச் சொன்னேன். அந்த மௌனத்தில்தான் கூட்டம் வெடித்தது.

என்ன வாசிப்பது? அவரே இட்டுக்கட்டினால் பிரச்சினை இல்லை. பழைய மெட்டு வேண்டுமென்றால் 1917-இல் இறந்துவிட்ட அமெரிக்க இசையமைப்பாளர் ஸ்காட் ஜாப்ளினின் ராக்டைம்கள் (துள்ளலான பியானோ மெட்டுகள்) பொருத்தம். இந்தியாவில் இசையமைப்பாளர் இறந்து 60 ஆண்டு கழிந்தால் மெட்டு பொதுவுடைமை. ஆனால் அதை யாரோ சமீபத்தில் வாசித்த ஒலிப்பதிவு பொதுவுடைமை அல்ல. திரைப்பாடல் மெட்டு வாசித்தால் கைதட்டல் வரும்; உரிமக் கட்டணமும் வரலாம். நிகழ்ச்சியைப் படம்பிடித்து இணையத்தில் ஏற்றும் எண்ணம் இருந்தால் இது இன்னும் முக்கியம். பாட்டுக்கு உரிமை கோரி அறிவிப்பு வந்துவிடும்.

8. விளக்கம்: படத்துக்கு முன்னால், நடுவில் கூடாது

முதல் தடவை மைக்கைப் பிடித்துக்கொண்டு, படத்தின் நடுவே வசனத்தைக் காட்டும் எழுத்து அட்டைகளைத் தமிழில் படித்தேன். ஆர்வம் தாங்காமல் "இப்ப பாருங்க, கீழ விழப்போறான்" என்றும் சொன்னேன். நகைச்சுவையைக் கொல்ல இதைவிட நல்ல வழி இல்லை.

எழுத்து அட்டை வரும்போது மட்டும், அது திரையில் இருக்கும் நேரத்துக்குள் முடிகிற மாதிரி, ஒரு வரி. இதற்கு ஒரு தாள் தயார் செய்யுங்கள்: நிமிடம், நொடி, தமிழ் வரி. ஃபெலிக்ஸ் படங்களில் பேச்சு, தலைக்கு மேல் குமிழாகவும் வரும், அதையும் எண்ணிக்கொள்ளுங்கள்.

சில விஷயத்தை முன்னாலேயே சொல்லாவிட்டால் சிரிப்பே புரியாது. ட்ராலி ட்ரபிள்ஸில் டிராம் கட்டுமீறி ஓடும்போது ஓஸ்வால்டு தன் காலையே கழற்றித் தலையில் தேய்த்துக்கொள்ளும். முயல் கால் அதிர்ஷ்டம் தரும் என்பது அமெரிக்க நம்பிக்கை. முயலே தன் காலைத் தேய்ப்பதுதான் வேடிக்கை. படத்துக்கு ஐந்து நிமிடம் முன்னால், போகிற போக்கில் சொல்லிவிட்டு வேறு பேச்சுக்குப் போய்விடுங்கள். கால் கழலும்போது குழந்தைகளே கண்டுபிடிப்பார்கள்.

ஃபெலிக்ஸ் பூனை ஹாலிவுட்டில் படத்துக்கு முன்னால் ஏதாவது ஒரு சாப்ளின் படத்தை இரண்டு நிமிடம் காட்டினேன். ஃபெலிக்ஸ் சாப்ளின் மாதிரி நடந்து காட்ட, சாப்ளினே வந்து என் வித்தையைத் திருடுகிறாயா என்று சண்டைக்கு வரும் இடம் அதில் இருக்கிறது. சாப்ளின் நடை தெரியாதவர்களுக்கு அது யாரோ மீசைக்காரர். இதில் இன்னொரு வேடிக்கை: அதே ஸ்டூடியோ அதற்கு முன் சாப்ளினை வைத்தே கார்ட்டூன் செய்திருந்தது. மெஸ்மர் அவருடைய அசைவுகளை உட்கார்ந்து படித்தவர். திருட்டுக் குற்றச்சாட்டு முழுப் பொய் இல்லை.

9. அறை, புரொஜெக்டர்

திரை விகிதத்தை 4:3-இல் வையுங்கள். புரொஜெக்டர் தானாகவே படத்தை அகலமாக இழுத்து நிரப்பப் பார்க்கும். சோதனை: வட்டமான ஏதாவது, கடிகாரமோ சக்கரமோ, வரும் ஃபிரேமில் நிறுத்துங்கள். முட்டை மாதிரித் தெரிந்தால் அமைப்பை மாற்றுங்கள்.

டிவியில் போடுவதாக இருந்தால் அசைவை மென்மையாக்கும் வசதியை அணைத்தே ஆகவேண்டும். ஒவ்வொரு கம்பெனி அதற்கு ஒவ்வொரு பெயர் வைத்திருக்கிறது. நீங்கள் ஐந்தாம் படியில் உழைத்ததெல்லாம் இந்த ஒரு பொத்தானால் வீணாகும்.

படங்கள் பெரும்பாலும் வெள்ளைப் பின்னணியில் கறுப்புக் கோடு. வெளிச்சத்தைக் கொஞ்சம் குறைத்தால்தான் கண் கூசாது. ஜன்னலுக்குக் கருப்புத் துணி கட்டாயம். மாலை ஆறரைக்கு முன் ஆரம்பித்தால் துணி போட்டும் பயனில்லை.

10. செலவும் நாள் கணக்கும்

எங்களுக்கு ஆனது: புரொஜெக்டர் ஒரு நாள் வாடகை 1,200. கருப்புத் துணி 850. கீபோர்டு தம்பிக்கு 2,500. இரண்டு பென் டிரைவ் 450. அச்சுப்படி 120. முறுக்கு, டீ 900. மொத்தம் 6,020 ரூபாய். அந்தக் கூடுதல் ஒத்திகை ஐந்நூறை இதில் சேர்க்கவில்லை, அது என் அபராதம். படங்களுக்குச் செலவு பூஜ்ஜியம்.

நாள் கணக்கு: முதல் வாரம் பட்டியலும் உரிமைக் கோப்பும். இரண்டாவது வாரம் பிரதி, வேகம். அந்த வாரக் கடைசியில் கோப்புகள் இசைக்காரர் கையில் இருக்கவேண்டும். மூன்றாவது வாரம் தமிழ் வரித் தாள், முதல் ஒத்திகை. நான்காவது வாரம் அதே அறையில், அதே புரொஜெக்டரில் முழு ஒத்திகை. அறை கிடைக்காவிட்டால் நிகழ்ச்சி நாளில் மூன்று மணி நேரம் முன்னால் போய்விடுங்கள்.

எல்லாப் படத்தையும் ஒரே கோப்பாக ஒட்டிவிடாதீர்கள். தனித்தனிக் கோப்பாக, பெயருக்கு முன் வரிசை எண் போட்டு, இரண்டு பென் டிரைவிலும் வையுங்கள். ஒரு படத்துக்கும் அடுத்ததுக்கும் நடுவே மக்கள் பேசிச் சிரிக்க ஒரு நிமிடம் வேண்டும். அது எப்போது அடங்கும் என்று கோப்புக்குத் தெரியாது.

நிகழ்ச்சி நடக்கும்போது திரையைப் பார்க்காமல் கூட்டத்தைப் பார்த்து, எந்த நிமிடத்தில் சிரிப்பு வந்தது என்று குறித்துவைத்தேன். ட்ராலி ட்ரபிள்ஸில் தண்டவாளத்தில் நின்றுகொண்டு நகர மறுக்கும் மாட்டுக்குத்தான் அன்று அதிகச் சிரிப்பு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியவர் ஒருவர், எங்கள் பேருந்து நிலைய வாசலில் தினமும் நடப்பதுதானே என்றார்.